யாகுசா எனப்படும் ஜப்பானியக் குற்றக்கும்பல்களைப் பற்றிய படங்களின் நாயகன் புன்தா சுகவாரா குரல் நடிகராகவும் மதிக்கப்படுவது ஏன்?

1933-இல் செண்டாய் நகரில் பிறந்த புன்தா சுகவாரா, மாடலாக இருந்து திரைக்கு வந்தவர். எனினும் நாற்பதை நெருங்கும் வயதில்தான், கின்ஜி ஃபுகசாகு இயக்கி 1973-இல் வெளியான ‘ஜிங்கி நாகி ததகாய்’ அவரை முன்னணிக்குக் கொண்டுவந்தது. இரண்டாம் உலகப் போருக்குப் பிந்தைய குரே நகரில் கும்பலொன்றில் சேரும் முன்னாள் படைவீரன் ஷோசோ ஹிரோனோவாக நடித்த அவர், வீரசாகசத்தை விட, தலைவர்களால் திரும்பத் திரும்ப ஏமாற்றப்படுபவனின் களைப்பையும் கோபத்தையுமே முன்னிறுத்தினார். அவருடைய நடிப்பில் நான் மிக உயர்வாக மதிப்பது இதையே. ‘தொராக்கு யாரோ’ என்ற லாரி ஓட்டுநர் படவரிசை அவருடைய நகைச்சுவைத் திறனைக் காட்டியது.

அவருடைய கரகரத்த குரலை 2001-இல் ஹயாவோ மியாசாகி, ‘ஸ்பிரிட்டட் அவே’ அசைவூட்டப் படத்தில் ஆறு கைகளுடன் கொதிகலனைக் கவனிக்கும் கமாஜிக்குப் பயன்படுத்தினார். அதட்டலுக்குள் பரிவை ஒளித்துவைக்கும் அப்பாத்திரத்துக்கு அதைவிடப் பொருத்தமான குரலை என்னால் எண்ணிப் பார்க்க இயலவில்லை. யமனாஷியில் தாமே வேளாண்மை செய்துவந்த அவர், 2012-இல் மமோரு ஹொசோதாவின் ‘ஊல்ஃப் சில்ட்ரன்’ படத்தில் கண்டிப்பான முதிய விவசாயி நிராசாகிக்கும் குரல் கொடுத்தார்.