அந்த வண்டியை முதலில் இழுத்தவர்

கேள்வி: எங்கள் கோத்தகிரி நாடகக் குழு ஜெர்மன் நாடகாசிரியர் பெர்டோல்ட் பிரெக்டின் 'மதர் கரேஜ்' நாடகத்தைத் தமிழில் மேடையேற்ற ஒத்திகை பார்த்து வருகிறது. தாய் வேடம் ஏற்றிருப்பவர் தேயிலைத் தோட்டத்தில் கொழுந்து பறித்து ஓய்வு பெற்ற அம்மாள்; சற்றே கனத்த உடல்வாகு. இதே வேடத்தில் புகழ்பெற்ற நடிகை ஹெலனெ வைகெலின் ஒட்டிய கன்னங்களைப் படங்களில் பார்த்துவிட்டு, இந்த வேடம் தமக்குப் பொருந்துமா என்று தயங்குகிறார். அவருக்கு என்ன சொல்வது?
- ஒரு வாசகி, கோத்தகிரி

பதில்: அவரிடம் ஜெர்மன் நடிகை தெரேஸெ கீஸெயின் படம் ஒன்றைக் காட்டுங்கள். படைகளின் பின்னே சென்று சரக்கு விற்கும் மதர் கரேஜின் வண்டியை மேடையில் முதன்முதலாக இழுத்தவர் வைகெல் அல்லர். அகன்ற முகமும் கனத்த உடலும் கொண்ட கீஸெதான். 1941 ஏப்ரல் 19 அன்று சூரிச் நாடக அரங்கில் அது நடந்தது. பிரெக்ட் அப்போது பின்லாந்தில் அகதியாக இருந்தார். தம் நாடகத்தின் முதல் அரங்கேற்றத்தை அவரால் பார்க்க முடியவில்லை.

கீஸெ 1898-இல் மியூனிக்கில் யூதக் குடும்பமொன்றில் பிறந்து, 1926 முதல் அந்நகரின் காம்மர்ஸ்பீலெ அரங்கில் நடித்துப் பெயர் பெற்றவர். 1933 ஜனவரி 1 அன்று எரிகா மான், கிளவுஸ் மான் என்ற உடன்பிறப்புகளோடு சேர்ந்து 'மிளகு ஆலை' என்று பொருள்படும் பெயரில் ஓர் அரசியல் நையாண்டி மேடையைத் தொடங்கினார். அந்த மாதம் முடிவதற்குள் ஹிட்லர் ஆட்சிக்கு வந்துவிட, மார்ச்சில் கீஸெ நாட்டை விட்டு வெளியேற நேர்ந்தது. ஆயினும் அக்குழு சூரிச்சில் மீண்டும் திரை தூக்கி, 1936 வரை ஐரோப்பிய நகரங்களில் ஆயிரத்துக்கும் மேற்பட்ட முறை நிகழ்ச்சி நடத்தியது. அந்த ஆண்டில் பிரிட்டிஷ் கடவுச்சீட்டு பெறுவதற்காகவே அவர் ஆங்கில எழுத்தாளர் ஜான் ஹாம்ப்சனை மணந்தார். அதற்கு உதவிய கவிஞர் ஆடன், முந்தைய ஆண்டு அதே காரணத்துக்காக எரிகா மானைத் தாமே மணந்தவர். உயிர் காத்த இந்தத் திருமணங்களை வெறும் காகிதத் திருமணங்கள் என்று சொல்ல எனக்கு மனம் வரவில்லை.

ஆக, சொந்த நாட்டை இழந்து எட்டு ஆண்டுகள் ஆன ஒருவர்தான் அந்த வண்டியை முதலில் இழுத்தார். பார்த்தவர்கள் பிள்ளைகளைப் பறிகொடுத்த தாயின் பெருந்துயரத்தையே போற்றினார்கள். பிரெக்டுக்கு அது நிறைவளிக்கவில்லை. போரை வைத்துப் பிழைக்க நினைத்து, அந்தப் போருக்கே மூன்று பிள்ளைகளையும் கொடுத்த பிறகும் பாடம் கற்காத வியாபாரியையே மக்கள் காண வேண்டும் என்று கருதிச் சில காட்சிகளைத் திருத்தினார். 1949-இல் பெர்லினில் வைகெல் நடித்தது திருத்திய வடிவத்தில்தான். அந்த மேடையேற்றத்தின் புகைப்படங்கள் உலகெங்கும் பரவியதால் அந்த முகமே இன்றும் நம் கண்ணில் நிற்கிறது. ஆனால் அடுத்த ஆண்டே மியூனிக்கில் பிரெக்ட் இதே நாடகத்தை இயக்கியபோது, தாய் வேடத்தில் நடித்தவர் கீஸெ. இந்தச் செய்தியை அந்த அம்மாளிடம் தவறாமல் சொல்லுங்கள். கொழுந்து மூட்டையோடு மேடேறிப் பழகிய தோள்களுக்கு அந்த வண்டியின் பாரத்தை யாரும் கற்றுத்தர வேண்டியதில்லை. பேரம் பேசும் இடங்களில் குரல் தழுதழுக்காமல் பார்த்துக்கொண்டால் போதும்.

கேள்வி: கீஸெ திரைப்படங்களில் நடித்திருக்கிறாரா?
- ஒரு வாசகர், கொடைக்கானல்

பதில்: நடித்திருக்கிறார், எனினும் அவருடைய பெரிய வேடங்கள் மேடைக்கே உரியவை. சுவிஸ் நாடகாசிரியர் டூரன்மாட் 'இயற்பியலாளர்கள்' நாடகத்தைக் கீஸெக்கே காணிக்கையாக்கினார். 1962-இல் அதில் கூன் விழுந்த மனநல மருத்துவராக நடித்தவரும் அவரே. திரையில் அவரைக் காண விரும்பினால், பிரெஞ்சு இயக்குநர் லூயி மால் 1974-இல் எடுத்த 'லகோம்ப் லூசியன்' படத்தைத் தேடிப் பாருங்கள். நாஜிகளுக்கு அஞ்சிப் பிரான்சின் சிற்றூர் ஒன்றில் ஒடுங்கியிருக்கும் யூதத் தையற்காரர் வீட்டுப் பாட்டியாக, அதிகம் பேசாமல் சீட்டுகளை அடுக்கிக்கொண்டிருப்பார். மறு ஆண்டு மார்ச்சில் மியூனிக்கில் காலமான அவர், தம் விருப்பப்படியே சூரிச்சில் அடக்கம் செய்யப்பட்டார்.