பொட்டலத்தின் பின்பக்கத்தைப் படியுங்கள்: போர்ச்சினி காளான் வாங்குவோரின் கேள்விகள்

கேள்வி (கோயம்புத்தூர் வாசகி): ரிசோட்டோ என்ற இத்தாலியச் சோறு செய்வதற்காக இணையக் கடையில் 50 கிராம் உலர் போர்ச்சினி காளான் வாங்கினேன். முன்பக்கத்தில் இத்தாலியக் கொடி. கடையின் விளம்பரத்திலும் 'இத்தாலியக் காட்டுக் காளான்' என்றே போட்டிருந்தார்கள். பின்பக்கத்தில் பொடி எழுத்தில் 'மூலநாடு: சீனா' என்றிருக்கிறது. காளானே போலியா, அல்லது ஊரை மட்டும் மாற்றிச் சொல்லிவிட்டார்களா?

பதில்: ஊரைத்தான் மாற்றிச் சொல்லியிருக்கிறார்கள். காளான் பெரும்பாலும் நல்ல காளானாகவே இருக்கும்.

போர்ச்சினி என்று சந்தையில் விற்பது ஒரே இனம் அல்ல. போலீட்டஸ் எடுலிஸ் என்பதுதான் தலைமையான இனம். பிரான்சில் செப் என்றும் ஜெர்மனியில் ஸ்டைன்பில்ஸ் என்றும் விற்பது இதுவே. இதற்கு மிக நெருங்கிய உறவான ஏரியஸ், பினோஃபிலஸ், ரெட்டிகுலேட்டஸ் ஆகிய போலீட்டஸ் இனங்களும் இத்தாலியில் இதே பெயரில் விற்பனையாகின்றன. சீனாவின் யுன்னான் மாகாணத்துக் காடுகளிலும் இந்தக் குடும்பத்துக் காளான்கள் ஏராளமாக முளைக்கின்றன. அங்கிருந்து ஐரோப்பாவுக்குப் பல பத்தாண்டுகளாக ஏற்றுமதி நடக்கிறது. இத்தாலிய நிறுவனங்கள் பொட்டலமிடும் உலர் காளானிலும் கணிசமான பங்கு சீனாவிலிருந்தும் ருமேனியா, செர்பியா போன்ற நாடுகளிலிருந்தும் வருவதுதான்.

லண்டன் கியூ தாவரவியல் தோட்ட ஆய்வாளர்கள் இருவர் கடையில் ஒரு சாதாரண உலர் போர்ச்சினி பொட்டலம் வாங்கி, அதிலிருந்து 15 துண்டுகளை டிஎன்ஏ சோதனைக்கு உட்படுத்தினார்கள். அவற்றில் மூன்று இனங்கள் இருந்தன. மூன்றுக்குமே அதுவரை அறிவியல் பெயர் கிடையாது. 2014இல் அந்த ஆய்வு வெளியானபோதுதான் பெயர் கிடைத்தது. மூன்றும் சீனாவிலிருந்து வந்தவை. மக்கள் சமைத்து உண்டுவந்தவை. எனவே 'சீனா' என்ற சொல்லைக் கண்டு உங்கள் பொட்டலத்தைக் குப்பையில் போட வேண்டாம். அதைச் சமைத்துச் சாப்பிடலாம்.

ஆனால் மூலநாட்டை மறைத்து விற்றது தவறுதான். அதைச் சும்மா விடாதீர்கள். இந்தியாவில் இணையம் வழியே விற்கும் இறக்குமதிப் பொருளுக்கு மூலநாட்டை விற்பனைப் பக்கத்திலேயே காட்ட வேண்டும் என்பது 2020ஆம் ஆண்டின் மின்வணிக விதி. பொட்டலத்தின் மேல் இறக்குமதியாளரின் பெயர், முகவரி, நிகர எடை, அதிகபட்ச விலை, 14 இலக்க உணவுப் பாதுகாப்பு உரிம எண் ஆகியவை இருக்க வேண்டும். விளம்பரப் பக்கத்தை இன்றே படமெடுத்து வையுங்கள். நாளை அதை மாற்றிவிடக்கூடும். பொட்டலத்தின் இரு பக்கங்களையும் ரசீதையும் சேர்த்துக் கடைக்கு எழுதிப் பணத்தைத் திருப்பிக் கேளுங்கள். மறுத்தால் தேசிய நுகர்வோர் உதவி எண் 1915. அதற்கும் அசையாவிட்டால் இ-ஜாக்ரிதி இணையதளம் வழியே நுகர்வோர் ஆணையத்தில் வழக்குப் பதியலாம்.

இத்தாலியில் விளைந்ததே வேண்டும் என்றால், கொடியைப் பார்க்காமல் 'ஃபுங்கோ தி போர்கோதாரோ' என்ற பெயரையும், அதனுடன் ஐரோப்பிய ஒன்றியத்தின் புவிசார் குறியீட்டு முத்திரையையும் தேடுங்கள். பார்மா மாவட்டத்து மலைக்காடுகளிலும் அதை ஒட்டிய தஸ்கனிப் பகுதியிலும் பறித்த காளானுக்கு மட்டும் உரியது அந்தப் பெயர். 1996இல் அந்தக் குறியீடு கிடைத்தது. விலை கூடுதலாகத்தான் இருக்கும்.

கேள்வி (மதுரை வாசகர்): மாடியில் சிப்பிக் காளான் வளர்த்து விற்கிறேன். 'போர்ச்சினி காளான் விதை, 60 நாளில் அறுவடை' என்ற விளம்பரம் கண்ணில் பட்டது. ஒரு பாக்கெட் விலையே சிப்பி விதையைப் போலப் பல மடங்கு. வாங்கலாமா?

பதில்: வாங்கவே வாங்காதீர்கள். உழைத்துச் சேர்த்த பணம் அது.

சிப்பிக் காளான் வைக்கோலைத் தின்று வளர்கிறது. அதற்கு வேண்டியது மட்கும் பொருள், ஈரம், நிழல். போர்ச்சினி அப்படிப்பட்ட உயிர் அல்ல. உயிருள்ள மரத்தோடு கூட்டுக் குடித்தனம் நடத்துவது. மண்ணுக்குள் அதன் மெல்லிய பூஞ்சை இழைகள் பைன், ஸ்புரூஸ், ஓக், பீச், செஸ்ட்நட், பிர்ச் போன்ற மரங்களின் நுனிவேரைச் சுற்றிக் கவசமாகப் படர்கின்றன. வேரின் செல்களுக்கு இடையேயும் பின்னிக்கொள்கின்றன. மரத்தின் வேர் எட்டாத இடுக்குகளிலிருந்து நீரையும் பாஸ்பரஸ், நைட்ரஜன் போன்ற சத்துகளையும் இழைகள் கொண்டுவந்து கொடுக்கின்றன. பதிலுக்கு மரம் தன் இலையில் தயாரித்த சர்க்கரையில் ஒரு பங்கைத் தருகிறது. நாம் உண்ணும் காளான், மண்ணுக்கடியில் பல ஆண்டுகளாக நடக்கும் இந்தக் கொடுக்கல் வாங்கலின் வெளித்தெரியும் கனி மட்டுமே. கோடையின் முடிவிலும் இலையுதிர் காலத்திலும், மழைக்குப் பின் மண்ணின் சூடும் ஈரமும் சரியாக அமைந்தால்தான் அது தலைகாட்டும்.

ஆய்வகத்தில் நாற்றின் வேரில் இந்தப் பூஞ்சையை ஒட்டவைக்க முடிந்திருக்கிறது. ஆனால் நம்பி அறுவடை செய்யும்படி வணிக அளவில் விளைவிக்க எவராலும் முடியவில்லை. தென்னாப்பிரிக்காவிலும் நியூசிலாந்திலும் இன்று போர்ச்சினி முளைக்கிறது என்றால், அது ஐரோப்பாவிலிருந்து கொண்டுபோன மரங்களின் வேரோடு போய்ச் சேர்ந்ததால்தான். நம் வேப்பமரமும் மாமரமும் வேறு வகைப் பூஞ்சைகளோடு உறவு வைத்திருப்பவை. போர்ச்சினிக்கு அவற்றின் வேரில் இடமில்லை. மாடியில் வைக்கோல் பையில் 60 நாளில் அறுவடை என்பது நடக்காத காரியம். அந்தப் பாக்கெட்டில் வேறு ஏதோ ஒரு காளானின் விதை இருக்கலாம், வெறும் தானியமாகவும் இருக்கலாம்.

போர்ச்சினியும் சேர்ந்த போலீட்டு வகையில் பண்ணையில் வளரக்கூடியது ஒன்று உண்டு: ஃபிளெபோபஸ் போர்டென்டோசஸ். 1873இல் இலங்கையிலிருந்து வந்த மாதிரியை வைத்து அறிவியல் பெயர் பெற்ற இனம் அது. மரத்தின் துணை இல்லாமலும் கனி தரும் என்பதால் தாய்லாந்திலும் யுன்னானிலும் வளர்க்கிறார்கள். ஆனால் அதுவும் போர்ச்சினி ஆகாது. அந்தப் பெயரில் விற்பதும் சரியல்ல.

கேள்வி (சென்னை வாசகர்): நான் வாங்கிய உலர் காளான் துண்டுகளில் ஊசி போட்டது போல் சிறு துளைகள் உள்ளன. அடியில் தூளும் கிடக்கிறது. கெட்டுப்போனதா?

பதில்: துளைகள் காட்டிலேயே ஏற்பட்டவை. காளான் ஈக்களின் புழுக்கள் தண்டு வழியாக ஏறிக் குடைந்துவிடுகின்றன. காட்டில் பறிக்கும் எந்தப் போர்ச்சினியிலும் இது சகஜம் என்பதால், இத்தாலியச் சட்டமே புழுத்துளைக்கு ஒரு வரம்பு வைத்துத் தரம் பிரிக்கிறது. 'எக்ஸ்ட்ரா' என்பது முதல் தரம், அடுத்தது 'ஸ்பெச்சாலி', மூன்றாவது 'கொமெர்ச்சாலி'. தரம் இறங்க இறங்கத் துளையும் கருத்த துண்டும் கூடும். உங்கள் பொட்டலத்தில் இந்தச் சொற்களில் எது இருக்கிறது என்று பாருங்கள். முதல் தரத்துக்குப் பணம் கொடுத்துவிட்டுச் சல்லடை போன்ற துண்டுகளைப் பெற்றிருந்தால் திருப்பிக் கொடுங்கள்.

நல்ல துண்டு குடையும் தண்டும் சேர்ந்த முழு வெட்டாக, சந்தன நிறத்தில் இருக்கும். குடைக்கு அடியில் மொட்டுக் காளானுக்கு உள்ளது போன்ற மடிப்புகள் இருக்காது. பஞ்சு போன்ற குழல் அடுக்கு இருக்கும். இளங்காளானில் அது வெளுப்பு, முதிர்ந்தால் மஞ்சள், பிறகு பாசிப் பச்சை. அந்த அடுக்கு கரும்பச்சையாகத் தெரிந்தால் முற்றிப்போன காளானை உலர்த்தியிருக்கிறார்கள். திறந்ததும் வறுத்த கொட்டையின் வாசனை எழ வேண்டும். பூசண நாற்றம் அடித்தால் உண்ணவே கூடாது.

தூளைப் பொறுத்தவரை, கொஞ்சம் இருப்பது இயல்பு. ஆனால் அந்தத் தூள் நகர்ந்தாலோ நூலாம்படை தெரிந்தாலோ, சேமிப்பில் பூச்சி விழுந்திருக்கிறது. அந்தப் பொட்டலம் வேண்டாம். சென்னையின் ஈரக்காற்றுக்குக் கண்ணாடிக் குப்பியில் இறுக மூடிக் குளிர்பெட்டியில் வைப்பதே நல்லது. சமைக்குமுன் வெதுவெதுப்பான நீரில் 20 முதல் 30 நிமிடம் ஊறவைத்துத் துண்டுகளைக் கையால் அள்ளி எடுங்கள்; மண் அடியில் தங்கும். ஊறிய நீரை மெல்லிய துணியில் வடிகட்டிச் சமையலிலேயே சேர்த்துவிடுங்கள். நீங்கள் கொடுத்த பணத்தின் சுவையில் பாதி அந்த நீரில்தான் இருக்கிறது.

கேள்வி (சூரிச் வாசகி): பக்கத்து வீட்டுப் பெரியவர் காட்டில் பறித்த ஸ்டைன்பில்ஸ் ஒரு கூடை தந்தார். அன்போடு கொடுத்ததை மறுக்க மனமில்லை. சமைக்கலாமா?

பதில்: நன்றி சொல்லி வாங்கிக்கொள்ளுங்கள். ஆனால் காளான் பரிசோதகரிடம் காட்டாமல் அடுப்பில் ஏற்றாதீர்கள். சுவிட்சர்லாந்தில் பல ஊராட்சிகளில் பயிற்சி பெற்ற பரிசோதகர்கள் பருவகாலத்தில் உட்கார்ந்து பார்த்துச் சொல்கிறார்கள். நாடு தரும் அருமையான சேவை அது. நம்மவர்கள் பலர் அதைப் பயன்படுத்துவதில்லை என்பது எனக்கு வருத்தம். கூடையை அப்படியே கொண்டுபோங்கள். வெட்டவோ கழுவவோ வேண்டாம்.

ஸ்டைன்பில்ஸின் தண்டு மேற்பகுதியில் வெண்ணிற வலைக்கோடு ஓடும். வெட்டினால் சதை வெள்ளையாகவே நிற்கும். அதைப் போலவே தோன்றும் பித்தக் காளானின் தண்டில் வலை கருமையாக இருக்கும், குழல் அடுக்கு இளஞ்சிவப்பாக மாறும். விஷமில்லை, ஆனால் ஒன்றே ஒன்று கலந்தாலும் சட்டி முழுவதும் கசந்துவிடும். குழல் அடுக்கு சிவந்து, வெட்டியதும் நீலம் பாரித்தால் அது நச்சுள்ள சாத்தான் போலீட்டாக இருக்கலாம். இவற்றை உங்கள் அறிவுக்காகத்தான் சொல்கிறேன். இதை வைத்து நீங்களே முடிவெடுக்க வேண்டாம். அதே ஓக், பீச் மரங்களின் அடியில்தான் உயிர்கொல்லியான மரணக் குடைக் காளானும் முளைக்கிறது. அதன் நஞ்சு எவ்வளவு வேகவைத்தாலும் போகாது. சாப்பிட்டபின் சந்தேகம் வந்தால், வாந்தி வரட்டும் என்று காத்திராமல் 145 என்ற நச்சுத் தகவல் எண்ணை உடனே அழையுங்கள்.

கேள்வி (திருச்சி வாசகர்): போர்ச்சினி பொடியும் சூப் கட்டியும் மலிவாகக் கிடைக்கின்றனவே?

பதில்: சேர்மானப் பட்டியலில் காளான் எத்தனை சதவீதம் என்று பாருங்கள். உப்பும் மாவும் முன்னால் நிற்க, போர்ச்சினி கடைசியில் இருந்தால், நீங்கள் வாங்குவது உப்பு. பொடியில் துண்டின் தரத்தைக் கண்ணால் சோதிக்கவும் வழியில்லை. இப்போது பொட்டலங்களில் ஒரு கிராமின் விலையும் அச்சிடப்படுகிறது. அதை ஒப்பிட்டு, 20 அல்லது 30 கிராம் முழுத்துண்டுப் பொட்டலமாக வாங்குங்கள். நான்கு பேர் உண்ணும் சோற்றுக்கு அந்த அளவு தாராளம். வேண்டுமானால் அதில் நான்கு துண்டை வீட்டிலேயே அரைத்துக்கொள்ளலாம்.