அரசு வக்கீல் மேஜையிலிருந்து நீதிபதி நாற்காலிக்கு: அமெரிக்க ஃபெடரல் கோர்ட் பற்றிக் கேளுங்கள்

நியூயார்க்கின் மன்ஹாட்டனில் இருக்கும் ஃபெடரல் கோர்ட்டில், அதாவது மத்திய அரசு கோர்ட்டில், குற்றம் சாட்டப்பட்டவர்களுக்காக வாதாடும் வக்கீல் ஒருவரிடம் பதினாலு வருடம் உதவியாளராக இருந்தேன். அரசுத் தரப்பில் நின்று எங்களை வறுத்தெடுத்தவர்களே பிறகு கறுப்பு அங்கியோடு மேலே போய் உட்காருவதைப் பார்த்தவள். அதைப் பற்றித்தான் நிறைய பேர் கேட்டிருக்கிறீர்கள், தெரிந்ததைச் சொல்கிறேன்.

திருச்சி மாணவி: அக்கா, நம்ம ஊர்ல சிவில் ஜட்ஜ் ஆக பரீட்சை எழுதணும். அங்கேயும் அப்படியா?

பரீட்சையே கிடையாது. வயது வரம்பும் இல்லை. சட்டம் படித்திருக்க வேண்டும் என்றுகூட அவர்கள் அரசியல் சாசனத்தில் ஒரு வரி இல்லை. ஜனாதிபதி ஒருவரை நியமனம் செய்கிறார், நாடாளுமன்ற மேல்சபையான செனட் ஓட்டுப் போட்டு ஒப்புக்கொள்கிறது, சட்டப்படி அவ்வளவுதான். ஆனால் அதற்கு முன்னால் உங்கள் மாநிலத்து செனட்டர் கண்ணில் நீங்கள் பட வேண்டும், மத்தியப் புலனாய்வு அமைப்பான எஃப்.பி.ஐ. உங்கள் பழைய பக்கத்து வீட்டுக்காரர் வரைக்கும் போய் விசாரிக்கும், செனட் நீதித்துறைக் குழு ஒரு படிவம் தரும். எழுதியது, பேசியது, வாதாடியதில் முக்கியமான பத்து வழக்கு, எதிரே நின்ற வக்கீல் யார் என்பது வரை அதில் நிரப்ப வேண்டும். அரசு வக்கீலாக இருந்தவருக்கு அந்தப் பத்து வழக்கை எழுதுவது சுலபம், ஜூரி முன்னால் நின்ற கணக்கு அவரிடம் நிறைய இருக்கும். பெரிய கம்பெனி வழக்கறிஞர்கள் பலருக்கு அங்கேதான் இடிக்கும், ஏனென்றால் அவர்கள் வழக்குகளில் பாதி சமரசத்தில் முடிந்திருக்கும்.

மதுரைக்காரன்: ப்ராசிக்யூட்டர் என்றால் எலெக்ஷனில் நிற்பவர்கள்தானே?

ப்ராசிக்யூட்டர் என்றால் அரசு வக்கீல், அதில் இரண்டு ரகம். கவுண்டி, அதாவது உள்ளூர் நிர்வாகப் பகுதி, அளவில் இருக்கும் டிஸ்ட்ரிக்ட் அட்டர்னி பெரும்பாலான மாநிலங்களில் தேர்தலில் ஜெயித்து வருபவர். ஃபெடரல் பக்கம் யு.எஸ். அட்டர்னி என்று ஒருவர். 94 ஃபெடரல் கோர்ட் மாவட்டங்களுக்கு 93 பேர், பசிபிக் கடலில் இருக்கும் குவாமுக்கும் வடக்கு மரியானா தீவுகளுக்கும் சேர்த்து ஒரே ஆள். அவரை ஜனாதிபதி நியமிக்கிறார். தினமும் கோர்ட்டில் மல்லுக்கட்டுபவர்கள் அவருக்குக் கீழே இருக்கும் உதவி அட்டர்னிகள்.

ஆனால் ஃபெடரல் நீதிபதியாக ஃபெடரல் அலுவலகத்தில்தான் இருந்திருக்க வேண்டும் என்றில்லை. உச்ச நீதிமன்ற நீதிபதி சோனியா சோடோமேயரைப் பாருங்கள். நியூயார்க்கின் பிராங்ஸ் பகுதியில் வளர்ந்தவர், ஒன்பது வயதில் அப்பா போய்விட்டார். 1979-ல் யேல் சட்டப்படிப்பை முடித்ததும் மன்ஹாட்டன் டிஸ்ட்ரிக்ட் அட்டர்னி அலுவலகத்தில் சேர்ந்தார். அங்கே 'டார்சன் கொலைகாரன்' வழக்கு, ஹார்லெமில் மொட்டை மாடியிலிருந்து கயிற்றில் இறங்கி ஜன்னல் வழியாக வீடு புகுந்து கொள்ளையடித்துச் சுட்ட ஆள். 1983-ல் நடந்த அந்த விசாரணையில் இவர் மூத்த வக்கீலுக்குத் துணையாக நின்றார். 1984-ல் விலகித் தனியார் நிறுவனத்துக்குப் போனார். அப்புறம் நியூயார்க் செனட்டர் மொய்னிஹன், ஜனநாயகக் கட்சிக்காரர், இவர் பெயரைச் சொல்ல, குடியரசுக் கட்சி ஜனாதிபதியான அப்பா புஷ் 1991 நவம்பரில் மன்ஹாட்டன் ஃபெடரல் கோர்ட் நீதிபதியாக நியமித்தார். செனட் ஒப்புதல் 1992 ஆகஸ்டில். ஒன்பது மாதம், பிள்ளையே பெற்றுவிடலாம்! நான் தினமும் ஏறி இறங்கிய பேர்ல் தெரு கோர்ட் கட்டிடத்துக்கு இப்போது அந்த மொய்னிஹன் பெயர்தான்.

சேலம் வாசகர்: வாழ்க்கை முழுக்க தண்டனை கேட்டவர் நீதிபதியானால் போலீஸ் பக்கம்தானே சாய்வார்? நேராகச் சொல்லுங்கள்.

சில பேர் சாய்வார்கள். புலனாய்வாளர் கூண்டில் ஏறியதும் அவர் சொல்வதற்கெல்லாம் தலையாட்டும் நீதிபதியையும் பார்த்திருக்கிறேன், எங்கள் வக்கீல் குறுக்கு விசாரணையில் நாலாவது கேள்வியைத் தாண்டுவதற்குள் 'போதும், அடுத்தது' என்று கை காட்டுவார்.

ஆனால் இதற்கு நேர் எதிரான ரகமும் உண்டு. ஒருமுறை அரசுத் தரப்பு எங்களுக்குச் சாதகமான ஒரு சாட்சி வாக்குமூலத்தை விசாரணைக்கு முந்தின நாள் சாயங்காலம்தான் கொடுத்தது. 1963-ல் உச்ச நீதிமன்றம் தந்த பிரேடி தீர்ப்பின்படி அப்படிப்பட்டதை மறைக்கக் கூடாது. இளம் அரசு வக்கீல் எழுந்து ஃபைல் வேறு அலுவலகத்தில் இருந்தது, இப்போதுதான் கிடைத்தது என்று ஆரம்பித்தார். நீதிபதி பேனாவை மூடி வைத்துவிட்டு, தானும் அதே மேஜையில் எட்டு வருடம் இருந்ததாகவும், அந்தக் காரணம் எந்த அலமாரியில் இருக்கும் என்று தனக்குத் தெரியும் என்றும் மெதுவாகச் சொன்னார். பையன் முகம் வெளுத்துவிட்டது. எங்களுக்கு ஒரு வாரம் அவகாசம் கிடைத்தது. அந்தக் கடையில் வேலை பார்த்தவருக்குத்தானே சரக்கு எங்கே ஒளிந்திருக்கிறது என்று தெரியும்?

சொந்தமாகக் கையாண்ட வழக்கு தன் முன்னால் வந்தால் கட்டாயம் விலக வேண்டும், அது சட்டம். மனசில் இருக்கும் சாய்வுக்குத்தான் சட்டம் எழுத முடியவில்லை.

கோவை நண்பர்: அதிகாரம் யாருக்கு அதிகம், ப்ராசிக்யூட்டருக்கா நீதிபதிக்கா?

கேட்டீர்களே, இதுதான் கேள்வி. என்னைக் கேட்டால் ப்ராசிக்யூட்டருக்கு. யார் மேல் வழக்கு, எந்தப் பிரிவு என்று முடிவு செய்வது அவர். உதாரணத்துக்கு ஐந்து கிலோ கொக்கைன் என்று குற்றப்பத்திரிகையில் எழுதிவிட்டால் குறைந்தது பத்து வருடம், நீதிபதி கண்ணீர் விட்டாலும் பெரும்பாலும் அதற்குக் கீழே இறங்க முடியாது. குற்றவாளி மற்றவர்களைக் காட்டிக்கொடுத்து உதவினார் என்று அரசுத் தரப்பு மனுப் போட்டால் இறங்கலாம், அந்த மனுவைப் போடுவதும் அதே ப்ராசிக்யூட்டர்தான். பத்தில் ஒன்பது வழக்குக்கு மேல் விசாரணையே இல்லாமல் குற்றத்தை ஒப்புக்கொண்டு முடிகிறது. எந்தக் குற்றத்துக்கு எவ்வளவு தண்டனை என்று கணக்குச் சொல்லும் வழிகாட்டி ஒன்று உண்டு. 2005-ல் உச்ச நீதிமன்றத்தின் புக்கர் தீர்ப்பு வந்து அது வெறும் ஆலோசனைதான் என்று ஆன பிறகு நீதிபதிக்குக் கொஞ்சம் மூச்சு விட இடம் கிடைத்தது. ஆனாலும் அங்கியைப் போட்டதும் பலருக்கு உறைப்பது இதுதான், நேற்று வரை வழக்கைத் தேர்ந்தெடுத்தார்கள், இன்று வருவதை வாங்கிக்கொள்கிறார்கள்.

பெயர் வேண்டாம்: சம்பளம் எவ்வளவு?

ஃபெடரல் மாவட்ட நீதிபதிக்கு 2025-ல் வருடம் 2,47,400 டாலர். கேட்க நன்றாக இருக்கும். பெரிய நியூயார்க் நிறுவனங்களில் முதல் வருடம் சேரும் பொடியனுக்கே 2,25,000 டாலர். ஆனால் வேலை ஆயுளுக்கும், நாடாளுமன்றம் பதவி நீக்கம் செய்தால் ஒழிய யாரும் அசைக்க முடியாது, சம்பளத்தையும் குறைக்க முடியாது. 65 வயதும் 15 வருட சேவையும் ஆனால் முழுச் சம்பளத்தோடு ஓய்வு பெறலாம், அல்லது மூத்த நீதிபதி என்று குறைந்த வழக்குகளோடு தொடரலாம்.

நெல்லை சீமை: எங்க ஊர் ஸ்ரீ சீனிவாசனும் இப்படி வந்தவர்தானே?

குடும்பம் உங்கள் பக்கம்தான், அவர் பிறந்தது சண்டிகரில். அரசுக்காக வாதாடியவர், ஆனால் ப்ராசிக்யூட்டர் இல்லை. உச்ச நீதிமன்றத்தில் அரசுக்காக வாதாடும் சொலிசிட்டர் ஜெனரல் அலுவலகத்தில் இருந்தவர். 2013-ல் செனட் 97-0 என்று அவரை வாஷிங்டன் மேல்முறையீட்டு நீதிமன்றத்துக்கு ஒப்புக்கொண்டது. எதிர்த்து ஒரு ஓட்டுகூட இல்லை.

திருச்சி மாணவி மறுபடியும்: நீதிபதி ஆனவர் திரும்ப அரசு பக்கம் போகலாமா?

போயிருக்கிறார்கள். லூயிஸ் ஃப்ரீ ப்ராசிக்யூட்டர், 1991-ல் நீதிபதி, இரண்டே வருடத்தில் எஃப்.பி.ஐ. தலைவர். மெரிக் கார்லண்ட் 168 பேர் செத்த ஓக்லஹோமா குண்டுவெடிப்பு வழக்கை அரசுத் தரப்பில் மேற்பார்த்தவர், 1997-ல் மேல்முறையீட்டு நீதிபதி, 2016-ல் உச்ச நீதிமன்றத்துக்கு நியமித்தும் செனட் விசாரணைகூட நடத்தாமல் காக்க வைத்தே கழித்துவிட்டது. 2021-ல் ஆயுள் வேலையை ராஜினாமா செய்துவிட்டு, அரசு வக்கீல்களுக்கெல்லாம் தலைவரான அட்டர்னி ஜெனரல் ஆனார்.

நியூ ஜெர்ஸி வாசி: பக்கத்தில்தான் இருக்கிறேன், சும்மா போய்ப் பார்க்கலாமா?

தாராளமாக. டிக்கெட் கிடையாது, போனை வாசலில் வாங்கி வைத்துக்கொண்டு ஒரு வில்லை தருவார்கள், தொலைத்துவிடாதீர்கள். தண்டனை அறிவிக்கும் நாளாகப் பார்த்துப் போங்கள். காலை ஒன்பதுக்கே போனால் முன் பெஞ்சில் இடம் கிடைக்கும், ஸ்வெட்டர் எடுத்துக்கொள்ளுங்கள், உள்ளே ஏசி கொல்லும்.