வெட்டிய காதில் நாற்றம், கையில் ரசீது இல்லை

கேள்வி: சுங்கை சிப்புட் தோட்டப்புறத்தில் இருக்கிறோம். டவுனில் நாய்க்குட்டி விற்கும் ஒருவரிடம் 2,600 ரிங்கிட்டுக்கு டோபர்மேன் குட்டி வாங்கினோம். காது நிமிர்ந்து நிற்பதற்காக அவரே அதன் ஓரத்தை வெட்டிக் கொடுத்தார். அதற்குத் தனியாக 350 ரிங்கிட், புண்ணுக்கு என்று ஸ்பிரே, பவுடர், டேப் எல்லாம் சேர்த்து 160 ரிங்கிட். ரசீது தரவில்லை. ஒன்பது நாள் ஆகிவிட்டது. இடது காதின் நுனி கறுத்து நாற்றம் வருகிறது. கேட்டால், மஞ்சளைத் தேங்காய் எண்ணெயில் குழைத்துப் பூசுங்கள் என்கிறார். குட்டி வலியில் அனத்துகிறது. பனடோல் கொடுக்கலாமா? பணம் திரும்பக் கிடைக்குமா?

பதில்: பணத்தைப் பிறகு பார்ப்போம். குட்டியை இன்றே கால்நடை மருத்துவரிடம் தூக்கிக்கொண்டு போங்கள். நுனி கறுத்திருந்தால் அங்கே ரத்த ஓட்டம் நின்று சதை செத்துக்கொண்டிருக்கிறது என்று பொருள். நாற்றம் வந்தால் கிருமி பிடித்துவிட்டது. இதற்கு ஆன்டிபயாடிக் வேண்டும். செத்த சதையை மயக்க மருந்து கொடுத்து நீக்கவும் வேண்டியிருக்கலாம். பக்கத்தில் கிளினிக் இல்லையென்றால் ஈப்போவுக்குப் போங்கள். கோலகங்சார் மாவட்டக் கால்நடை அலுவலகத்துக்கும் போன் போட்டுக் கேளுங்கள்.

பனடோல் வேண்டாம். மருத்துவர் அளவு சொல்லாமல் கொடுத்தால் நாயின் ஈரலையும் ரத்தத்தையும் கெடுக்கும். மருந்துக்கடையில் கிடைக்கும் இபுப்ரோஃபன் அதைவிட மோசம், வயிற்றில் புண் உண்டாக்கிச் சிறுநீரகத்தையும் பாதிக்கும். மஞ்சள் எண்ணெயும் பூசாதீர்கள். எண்ணெய்ப் பசையில் தூசி ஒட்டும், குட்டி நக்கப் பார்க்கும், புண்ணின் உண்மையான நிறமும் மருத்துவருக்குத் தெரியாமல் போகும்.

கிளினிக் போய்ச் சேரும் வரை, கொதித்து ஆறிய அரை லிட்டர் தண்ணீரில் ஒரு தேக்கரண்டி உப்பு கரைத்து, சுத்தமான துணியால் காதின் ஓரத்தை மெதுவாக ஒற்றி எடுங்கள். காதுத் துளைக்குள் தண்ணீர் போகக் கூடாது. கறுத்த தோலைப் பிய்க்காதீர்கள். டேப் இறுக்கிப் பிடித்துக் காது குளிர்ந்திருந்தால் அதை வெட்டித் தளர்த்துங்கள், ஒட்டிக்கொண்டு வராவிட்டால் இழுக்காமல் மருத்துவரிடம் விட்டுவிடுங்கள். லயத்து வீடுகளில் கோழிக்கூடும் மாட்டுக்கொட்டகையும் பக்கத்திலேயே இருக்கும், ஈக்குப் பஞ்சமே இல்லை. ஈரப் புண்ணில் ஈ முட்டை போட்டால் நம் ஊர் வெப்பத்தில் ஒரே நாளில் புழு வந்துவிடும். குட்டியை வீட்டுக்குள்ளேயே, காற்றாடிக்குக் கீழே வையுங்கள். காதைச் சொறியாதபடி கழுத்தில் புனல் போன்ற காலர் மாட்டுங்கள்.

ஒழுங்காக ஆறும் காதைப் பார்த்தாலே தெரியும். ஓரத்தில் லேசான பொருக்கு, இளஞ்சிவப்புத் தோல், கொஞ்சம் அரிப்பு, நாளுக்கு நாள் குறையும் வீக்கம். தையலைப் பத்திலிருந்து பதினான்கு நாளுக்குள் எடுப்பார்கள். இந்த நாளில் மஞ்சள் நீர், சூடு, புதிய வீக்கம், தலையை விடாமல் உதறுவது, சாப்பாட்டை ஒதுக்குவது, இதில் எது வந்தாலும் காத்திருக்கக் கூடாது.

இப்போது பணம். புண்ணைக் கழுவுவதற்கு முன் படம் எடுத்து வையுங்கள். வாட்ஸ்அப் செய்திகளை அழிக்காதீர்கள். வங்கியில் பணம் அனுப்பியிருந்தால் அதுவே சாட்சி. காது எந்த நிலையில் வந்தது, ஏன் அப்படி ஆனது என்று மருத்துவரிடம் எழுத்தில் கேட்டு வாங்குங்கள். தொழிலாகக் குட்டி விற்பவர் மீது திரிபுனல் துந்துத்தான் பெங்குனாவில், அதாவது பயனீட்டாளர் நடுவர் மன்றத்தில், வழக்குப் போடலாம். கட்டணம் 5 ரிங்கிட், கோரிக்கையின் உச்சவரம்பு 50,000 ரிங்கிட், வக்கீல் தேவையில்லை. 350, 160 இரண்டையும், மருத்துவச் செலவையும் சேர்த்துக் கேளுங்கள்.

இன்னொன்று. பதிவு பெற்ற கால்நடை மருத்துவர் அல்லாதவர் இப்படிக் கத்தி எடுப்பது 1974 கால்நடை மருத்துவர் சட்டத்தின் பார்வைக்கு வர வேண்டிய விஷயம். கொடுமை என்று நிரூபிக்கப்பட்டால் 2015 விலங்கு நலச் சட்டத்தில் 20,000 முதல் 100,000 ரிங்கிட் வரை அபராதமோ, மூன்று ஆண்டு வரை சிறையோ, இரண்டுமோ கிடைக்கலாம். கால்நடைச் சேவை இலாகாவில் புகார் கொடுங்கள். மயக்க மருந்து இல்லாமல் வெட்டினாரா என்று அவர்கள் கேட்கலாம், தெரிந்ததைச் சொல்லுங்கள். நீங்கள் பேசாமல் இருந்தால் அடுத்த குட்டிக்கும் இதே கத்திதான்.

கேள்வி: என் குட்டிக்குக் காது நிமிரவில்லை. கால்சியம் மாத்திரை கொடுத்தால் நிமிரும் என்று விற்கிறார்கள்.

பதில்: வாங்காதீர்கள். குட்டிகளுக்கான நல்ல தீவனத்தில் தேவையான கால்சியம் இருக்கிறது. அதற்கு மேல் போட்டால், டோபர்மேன் போல வேகமாக வளரும் பெரிய இனக் குட்டிகளின் எலும்பும் மூட்டும் கோணலாக வளரக்கூடும். காது தொங்கினால் குட்டிக்கு எந்தக் குறையும் இல்லை.

கேள்வி: குறைந்த விலையில் காது வெட்டித் தருபவர் யாராவது உண்டா?

பதில்: யாரையும் சொல்ல மாட்டேன். வெட்டினால் காது கூர்மையாகக் கேட்கும், சீழ் பிடிக்காது என்பதெல்லாம் விற்பவர் சொல்லும் கதை. அழகுக்காக இப்படி வெட்டுவது இங்கிலாந்தில் குற்றம். அந்தப் பணத்தில் தடுப்பூசியை முடியுங்கள், மாவட்ட மன்றத்தில் நாய் லைசென்ஸ் எடுங்கள். குட்டியை இன்னும் வாங்கவில்லையென்றால், காது முழுதாக இருக்கும் குட்டியாகக் கேளுங்கள். தடுப்பூசி அட்டையில் மருத்துவரின் முத்திரையைப் பார்த்த பிறகு பணத்தைக் கொடுங்கள்.