வாசகர் கேள்வி–பதில்: மஞ்சளுக்கு யார் சாட்சி?

கேள்வி: கோலாப்பூர் செருப்புக்குப் புவிசார் குறியீடு வாங்கி வைத்திருந்தும், ஓர் இத்தாலிய நிறுவனம் அதைத் தன் சரக்காகக் காட்டியதை ஏன் தடுக்க முடியவில்லை? – திருச்சி வாசகர்

பதில்: 2025 ஜூனில் மிலான் நகரில் பிராடா நடத்திய ஆடை அணிவகுப்பைச் சொல்கிறீர்கள். அங்கே அதற்கு அவர்கள் வைத்த பெயர் வெறும் தோல் செருப்பு. சூட்சுமமே அதில்தான் இருக்கிறது. புவிசார் குறியீடு என்பது ஓர் ஊரோடு ஒட்டிய பொருளின் பெயரைக் காக்கப் போட்ட வேலி. 'கோலாப்பூரி' என்று எழுதி விற்றால் பிடிக்கலாம். அச்சு அசலாகச் செய்துவிட்டு வேறு பெயர் சூட்டினால் சட்டம் கையைப் பிசைந்துகொண்டு நிற்கும். அந்த வேலியும் நம் எல்லையோடு சரி. வெளியே வேண்டுமானால் அந்தந்த நாட்டில் தனியாகப் பதிய வேண்டும். கூச்சல் எழுந்த பிறகு, இந்தியக் கைவினைதான் தங்களுக்குத் தூண்டுதல் என்று நிறுவனம் ஒப்புக்கொண்டது. பொதுநல வழக்கோடு ஓடிய வழக்கறிஞர்களைப் பம்பாய் உயர் நீதிமன்றம் திருப்பி அனுப்பியது. வர வேண்டியவர்கள் குறியீட்டைப் பதிந்தவர்கள், அதாவது மகாராஷ்டிர, கர்நாடக அரசுகளின் தோல் தொழில் கழகங்கள். செருப்புக்கு உரியவன் சும்மா இருக்க, ஊரார் வழக்காடினால் எந்த நீதிபதிதான் என்ன செய்வார்?

கேள்வி: மஞ்சள் காப்புரிமையை மட்டும் எப்படி ரத்து செய்ய வைத்தோம்? – ஈரோடு வாசகி

பதில்: காகிதத்தால். காயத்தை ஆற்ற மஞ்சள் தூளைப் பயன்படுத்துவதற்கு 1995இல் அமெரிக்காவின் மிசிசிப்பி பல்கலைக்கழக மருத்துவ மையம் காப்புரிமை பெற்றது. (கண்டுபிடிப்பாளர்களாகப் பெயர் கொடுத்த இருவரும் இந்திய வம்சாவளியினர். 'வெள்ளைக்காரன் திருடிவிட்டான்' என்று மேடையில் முழங்குவோர் இதை வசதியாக மறந்துவிடுவார்கள்.) காப்புரிமை புதியதற்குத்தான்; பழையது என்று காட்டினால் ரத்தாகும். ஆனால் உங்கள் பாட்டியும் என் பாட்டியும் சாட்சி சொல்லி எந்தப் பயனும் இல்லை. அன்றைய அமெரிக்கச் சட்டத்தில் வெளிநாட்டு வழக்கம் கணக்கில் வராது. அது அச்சில் வந்திருந்தால்தான் செல்லும். நம் அறிவியல் தொழிலக ஆராய்ச்சிக் கழகம் சமஸ்கிருத, உருது, இந்தி நூல்களிலிருந்து முப்பதுக்கும் மேற்பட்ட சான்றுகளைத் திரட்டியது. இந்திய மருத்துவச் சங்க இதழில் 1953இல் வந்த கட்டுரை அவற்றில் ஒன்று. 1997இல் காப்புரிமை ரத்தானது.

அந்தச் செய்தியைப் படித்தபோது எனக்கு ஒரு வைத்தியரின் நினைவு வந்தது. இளமையில் ஓர் அச்சகத்தில் பிழை திருத்துபவனாக இருந்தேன். அவர் பரம்பரைச் சுவடிகளைப் பெயர்த்தெழுதி நூலாக்கக் கொண்டுவருவார். ஒவ்வொரு மருந்திலும் ஏதோ ஒரு சரக்கு விடுபட்டிருக்கும். கைப்பிழை என்று நினைத்து ஓரத்தில் கேள்விக்குறி போட்டு அனுப்பினேன். நேரில் வந்து சிரித்தார். "தம்பி, அது பிழை இல்லை. எல்லாவற்றையும் கொடுத்துவிட்டால் நாளைக்கு என் மகனைத் தேடி யார் வருவார்கள்?"

அவர் சொன்னதிலும் நியாயம் இருந்தது. ஆனால் அச்சில் இல்லாத அந்தச் சரக்குக்கு அயல்நாட்டில் சாட்சியே கிடையாது. 2001இல் தொடங்கிய பாரம்பரிய அறிவு மின் நூலகம் இந்த முடிச்சைப் பாதி அவிழ்த்தது. சித்தம், ஆயுர்வேதம், யுனானி நூல்களில் உள்ள மருந்துகளை ஆங்கிலம், பிரெஞ்சு, ஜெர்மன், ஸ்பானியம், ஜப்பானியம் என ஐந்து மொழிகளில் பெயர்த்து, ரகசியம் காப்பதாக ஒப்பந்தம் போட்ட காப்புரிமை அலுவலகங்களுக்கு மட்டும் திறந்து காட்டினார்கள். ஆனால் அதிலும் நூலில் இருப்பதுதான் ஏறும். வைத்தியர் விழுங்கிய சரக்கு அவரோடு போய்விட்டது.

கேள்வி: புவிசார் குறியீட்டுப் பதிவகம் டெல்லியில்தானே இருக்கிறது? – நாகர்கோவில் வாசகர்

பதில்: இல்லை. சென்னை கிண்டியில். இந்தியா முழுமைக்கும் அது ஒன்றுதான்.

கேள்வி: காஞ்சிபுரம் பட்டை அயல்நாட்டான் நகலெடுத்தால் என்ன செய்வது? – சேலம் வாசகி

பதில்: அயல்நாட்டான் வரும்வரை நாம் எங்கே காத்திருக்கிறோம்? விசைத்தறியில் ஓட்டியதைக் காஞ்சிப் பட்டு என்று நம் கடைகளிலேயே விற்கிறார்களே! அடுத்த முறை 'கோர்வையா?' என்று கேட்டுப் பாருங்கள். உடலையும் கரையையும் தனித்தனி நாடாவால் (குறுக்கு இழையை ஓட்டும் தறிக் கருவி) நெய்து, பல் கோத்ததுபோல் இணைப்பது கோர்வை. கைத்தறியில் அதற்கு நெசவாளியோடு பெரும்பாலும் இன்னொருவரும் உட்கார வேண்டும். பேத்தி கல்யாணத்துக்குப் புடவை எடுக்கப் போன கடையில் "இதை நெய்தது யார்?" என்று கேட்டேன். விற்பனையாளர் பெருமையோடு கடை முதலாளியின் பெயரைச் சொன்னார்.