மரியான் நார்த் ஓவியம் என்று ஒருவர் விற்க வந்தால்

கேள்வி: கொடைக்கானலில் பழைய பங்களா ஒன்றைக் காலி செய்தபோது கிடைத்தது என்று ஒரு தரகர் எண்ணெய் வண்ண ஓவியம் ஒன்றைக் காட்டுகிறார். தாமரைக் குளம், பின்னால் கோபுரம். கீழே எம். நார்த், 1878 என்று கையெழுத்து. மரியான் நார்த் என்ற பிரிட்டிஷ் பெண்மணி வரைந்த அசலாம். விலை 4 லட்சம், முன்பணம் 50 ஆயிரம். என் மகள் லண்டனில் இருப்பதால் அங்கே அனுப்பி ஏலத்தில் பல மடங்குக்கு விற்றுக்கொள்ளலாம் என்கிறார். சான்றிதழும் வைத்திருக்கிறார். வாங்கலாமா? (திருச்சி வாசகர்)

பதில்: வேண்டாம். முன்பணம் இன்னும் கொடுக்கவில்லை என்றால் கொடுக்காதீர்கள். கொடுத்துவிட்டீர்கள் என்றால் மீதிப் பணத்தை நிறுத்திவிட்டு, எதற்காகக் கொடுத்தீர்கள் என்பதை அவர் கையாலேயே எழுதி வாங்குங்கள்.

படம் போலி என்று நான் பார்க்காமலே தீர்ப்புச் சொல்லவில்லை. படத்தைப் பார்ப்பதற்கு முன்னால் அந்தப் பெண்மணியின் வாழ்க்கையைக் கொஞ்சம் தெரிந்துகொள்ளுங்கள், பாதிச் சந்தேகம் அதிலேயே தீர்ந்துவிடும். விற்பவர்கள் சொல்லும் கதைக்கும் அவர் வாழ்ந்த வாழ்க்கைக்கும் ஒத்துப்போகவே இல்லை.

மரியான் நார்த் 1830இல் ஹேஸ்டிங்ஸில் பிறந்தவர். நார்ஃபோக்கில் ரஃபம் என்ற ஊரில் தலைமுறை தலைமுறையாக நிலம் வைத்திருந்த குடும்பம். அப்பா பிரெடரிக் நார்த் ஹேஸ்டிங்ஸ் தொகுதியின் நாடாளுமன்ற உறுப்பினர். அம்மா 1855இல் இறக்கும்போது அப்பாவை விட்டுப் போகக் கூடாது என்று மகளிடம் வாக்கு வாங்கிக்கொண்டார், மகளும் அப்படியே இருந்தார். கல்யாணம் செய்துகொள்ளவில்லை, அப்பாவோடு ஐரோப்பா, சிரியா, எகிப்து என்று சுற்றினார். 1869இல் அப்பா இறந்தபோது மகளுக்கு வயது 39. நிலம் சகோதரர் சார்லஸுக்குப் போனது. ஆனால் யாரையும் எதிர்பார்க்காமல் வாழவும் உலகம் சுற்றவும் போதுமான வசதி இவருக்கு இருந்தது. அதற்கப்புறம்தான் 1871இல் கிளம்பினார். வட அமெரிக்கா, ஜமைக்கா, பிரேசில், ஜப்பான், சரவாக், ஜாவா, இலங்கை, இந்தியா, ஆஸ்திரேலியா, தென்னாப்பிரிக்கா, சீஷெல்ஸ், கடைசியாக சிலி. ஆஸ்திரேலியாவுக்குப் போகச் சொன்னவர் சார்ல்ஸ் டார்வின்.

இதில் உங்களுக்கு வேண்டியது ஒன்றுதான்: இந்த அம்மாள் பிழைப்புக்காக வரைந்தவர் இல்லை. படம் விற்றுத்தான் சாப்பிட வேண்டும் என்ற நிலை அவருக்கு ஒருநாளும் இல்லை. அந்தக் காலத்து ஓவியர்கள் கண்காட்சி வைத்து, ஆர்டர் பிடித்து, ஆளுக்கொரு படமாக விற்றதால்தான் அவர்கள் படங்கள் இன்றைக்கும் சந்தையில் கைமாறிக்கொண்டே இருக்கின்றன. இவர் செய்தது அதற்கு நேர் எதிர். இந்தியாவிலிருந்து திரும்பிய பின் 1879இல் லண்டனில் தன் படங்களைக் காட்சிக்கு வைத்தார். அதே ஆண்டு கியூ தாவரவியல் பூங்காவின் இயக்குநர் ஜோசப் ஹூக்கருக்குக் கடிதம் எழுதினார்: படங்களை உங்களுக்கே தந்துவிடுகிறேன், அவற்றை வைக்க ஒரு கட்டடத்தையும் என் செலவிலேயே கட்டித் தருகிறேன். ஜேம்ஸ் ஃபெர்குசன் (இந்தியக் கட்டடக் கலையின் வரலாற்றை எழுதியவர்தான்) வரைபடம் போட்டுக் கொடுத்தார். எந்தப் படம் எங்கே தொங்க வேண்டும் என்று மரியான் நார்த்தே முடிவு செய்து, நாடு வாரியாக, சுவர் தெரியாதபடி நெருக்கி மாட்டினார். 1882இல் திறந்தார்கள். அதன் பிறகு போன ஊர்களில் வரைந்தவற்றையும் அங்கேயே கொண்டுவந்து சேர்த்தார். 1890இல் இறந்தார்.

இன்றைக்கும் அந்தக் கூடத்தில் 800க்கும் மேற்பட்ட படங்கள் இருக்கின்றன. வாழ்நாள் உழைப்பு முழுவதையும் ஒரே கூரையின் கீழ் வைத்துவிட்டுப் போனவரின் அசல் கொடைக்கானல் பங்களாவில் எப்படித் தனியாக வந்தது என்பதை விற்பவர்தான் விளக்க வேண்டும். பொய் என்று நிரூபிக்கிற வேலை உங்களுடையது இல்லை. ஆனால் நம் ஊர்த் தரகர்கள் எப்போதும் அதை உங்கள் தலையில்தான் கட்டுவார்கள்.

இப்போது அந்தத் தரகர் உங்களிடம் சொல்லப் போவதை நான் முன்கூட்டியே சொல்கிறேன். “அவர் தஞ்சாவூருக்கு வந்தது உண்மை சார், புத்தகத்திலேயே இருக்கிறது.” ஆமாம், உண்மைதான். 1877 கடைசியில் தூத்துக்குடியில் இறங்கி மதுரை, தஞ்சாவூர் வழியாகத்தான் அவருடைய இந்தியப் பயணம் தொடங்கியது. தஞ்சாவூரில் நீதிபதியாக இருந்த சமஸ்கிருத அறிஞர் பர்னலோடு நட்பாகி, இந்துக்கள் புனிதமாக நினைக்கும் செடிகளைத் தேடித் தேடி வரையும் எண்ணம் அவருக்கு வந்தது. தாமரையும் கோபுரமும் அவர் வரைந்திருக்கக் கூடியவைதான். அதனால் என்ன? அவர் இங்கே வந்தது இந்தப் படத்தை அவர் வரைந்தார் என்பதற்குச் சாட்சி ஆகாது. உண்மையான பயணக் கதையின் மேல் பொய்யான படத்தை ஏற்றி விற்பது இந்தத் தொழிலில் மிகப் பழைய வழி, படித்தவர்கள்தான் இதில் அதிகம் விழுகிறார்கள், ஏனென்றால் கதையைச் சரிபார்க்கத் தெரிந்தவர்கள் அவர்கள்தான், கதை சரியாக இருந்ததும் படமும் சரி என்று நினைத்துவிடுகிறார்கள்.

அடுத்த வரி, “இதே படம் கியூவில் இருக்கிறது, பாருங்கள்” என்று செல்போனில் காட்டுவது. அப்படிக் காட்டினால் விஷயம் அங்கேயே முடிந்தது. அந்தப் படம் கியூவில் தொங்குகிறது என்றால் இவர் கையில் இருப்பது வேறொன்று. அந்தப் படங்கள் எத்தனையோ புத்தகங்களிலும் அச்சுகளிலும் வந்திருக்கின்றன, அவர் இறந்து 130 ஆண்டுக்கு மேல் ஆகிவிட்டதால் யார் வேண்டுமானாலும் அச்சடிக்கலாம், நகல் வரையலாம். அதில் தப்பே இல்லை, அசல் என்று சொல்லி விற்பதுதான் தப்பு. ஒரு நல்ல பூதக்கண்ணாடி வாங்கி படத்தின் ஓரத்தையும் இருட்டான பகுதியையும் பாருங்கள். நிறம் பொடிப் பொடிப் புள்ளிகளாகத் தெரிந்தால் அது அச்சு. மேலே பசை போலப் பளபளப்பாக எதையாவது தடவி தூரிகைத் தடம் மாதிரி செய்திருப்பார்கள். துணியைச் சட்டத்தில் ஸ்டேப்ளர் பின் அடித்து மாட்டியிருந்தால் அந்த மாட்டுதல் 1878இல் நடந்தது இல்லை. கியூவில் இருப்பவை பெரும்பாலும் துணியில் வரைந்தவை அல்ல என்பதையும் மனதில் வையுங்கள். கெட்டிக் காகித அட்டையில் எண்ணெய் வண்ணத்தில் வரைந்து, ஊர் ஊராகத் தூக்கிக்கொண்டு போனவர் அவர். இதையெல்லாம் தாண்டி நின்றால் ஆய்வகத்தில் வெள்ளை வண்ணத்தைச் சோதிக்கலாம். இன்று எல்லோரும் பயன்படுத்தும் டைட்டானியம் வெள்ளை 1920 வாக்கில்தான் கடைக்கு வந்தது, அது அசல் பூச்சிலேயே கலந்திருந்தால் 1878 என்ற பேச்சுக்கே இடமில்லை.

செடியையும் பாருங்கள். இதை யாரும் செய்வதில்லை, எனக்கு ஆதங்கம். மரியான் நார்த் வெறும் அழகுக்காகப் பூ வரைந்தவர் இல்லை. சரவாக்கில் அவர் வரைந்த ஒரு குடுவைச் செடியைப் பார்த்துத்தான் அது புது இனம் என்று அறிந்து, ஹூக்கர் அதற்கு அவர் பெயரையே வைத்தார். அவ்வளவு நம்பகமாக வரைந்தவரின் தாமரையில் இலையும் காம்பும் குழைந்துபோய், அல்லி இலை மாதிரி பிளவோடு இருந்தால் ஒரு தாவரவியல் ஆசிரியரே போதும், பத்து நிமிடத்தில் சொல்லிவிடுவார்.

இதையெல்லாம் விட மோசமான வலை ஒன்று இருக்கிறது. படம் உண்மையிலேயே பழையதாக இருக்கும், பெயர்தான் பொய். மலை வாசஸ்தலங்களில் இருந்த ஆங்கிலேய அதிகாரிகளின் மனைவிகள், சகோதரிகள், மகள்கள் பலருக்கு ஓவியம் ஒரு பொழுதுபோக்கு. நல்ல கை உள்ளவர்களும் இருந்தார்கள். பெயர் தெரியாத அப்படிப்பட்ட ஒரு படத்தில் கீழே ஒரு கையெழுத்தைச் சேர்த்தால் விலை எங்கோ போய்விடும். வண்ணமும் அட்டையும் ஆணியும் எல்லாச் சோதனையிலும் தேறிவிடும், ஏனென்றால் அவை நிஜமாகவே பழையவை. அதனால் கையெழுத்தை மட்டும் தனியாகப் பாருங்கள்: அடி வண்ணத்தில் விழுந்திருக்கும் வெடிப்புக்குள் கையெழுத்தின் வண்ணம் இறங்கியிருந்தால் அது பின்னால் போட்டது.

சரி, அவர் வரைந்தது வெளியே ஒன்றுகூட இருக்கவே முடியாதா? முடியும். இந்த ஒரு விதிவிலக்கை நான் ஒதுக்கமாட்டேன். அவர் போன ஊரிலெல்லாம் ஆளுநர், நீதிபதி, தோட்ட முதலாளி என்று அறிமுகக் கடிதத்தோடு பெரிய வீடுகளில் தங்கினார். தங்கிய வீட்டில் ஒரு சின்னப் படத்தை அன்பளிப்பாகத் தந்திருக்க வாய்ப்பு உண்டு. எண்ணெய் வண்ணத்தை அவர் கற்றுக்கொண்டது 1860களின் பிற்பகுதியில், ராபர்ட் டௌலிங் என்ற ஆஸ்திரேலிய ஓவியரிடம்; அதற்கு முன் வாட்டர்கலர்தான். அந்தக் காலத்துத் தாள்கள் குடும்பத்தார் வழியே கைமாறியிருக்கலாம். ஆனால் உங்களிடம் காட்டுவது 1878இன் எண்ணெய் வண்ணம். ஆகவே அது அன்பளிப்பாகத்தான் இருக்க வேண்டும், அப்படியென்றால் தடயம் வேண்டும். எந்த வீடு, அப்போது அதில் யார் இருந்தார், அவருக்கும் மரியான் நார்த்துக்கும் என்ன பழக்கம், பிறகு யார் கைக்குப் போனது, கொடைக்கானலுக்கு எப்போது வந்தது? ஒரு கடிதம், ஒரு உயில், வீட்டுச் சாமான் பட்டியல், பழைய புகைப்படத்தில் சுவரில் தொங்குகிற அதே படம், இப்படி ஏதாவது ஒன்று. நிலத்துக்குத் தாய்ப்பத்திரம் கேட்காமல் நீங்கள் முன்பணம் கொடுப்பீர்களா? “பங்களாவில் கிடைத்தது” என்பது தாய்ப்பத்திரம் இல்லை. அந்த பங்களா யாருடையது என்று கேட்டாலே பலர் பேச்சை மாற்றுவார்கள், உரிமையாளருக்குத் தெரியாமல் வந்த பொருளாகவும் இருக்கலாம், அப்புறம் திருட்டுப் பொருள் வாங்கிய வழக்கும் உங்கள் மேல் வரும்.

சான்றிதழ் பற்றி ஒரே வரி: விற்பவர் கொண்டுவருகிற சான்றிதழ் விற்பவருக்குத்தான் சாதகமாக இருக்கும். கையெழுத்துப் போட்டவர் யார், படத்தை நேரில் பார்த்தாரா, விற்றால் அவருக்குப் பங்கு உண்டா என்று கேளுங்கள்.

லண்டன் விஷயத்துக்கு வருகிறேன், உங்களை அவர் இழுத்த தூண்டில் அதுதான். 1972ஆம் ஆண்டின் தொல்பொருட்கள் மற்றும் கலைக் கருவூலங்கள் சட்டத்தில் 100 ஆண்டு ஆன ஓவியம் தொல்பொருள். வரைந்தவர் எந்த நாட்டுக்காரர் என்று சட்டம் பார்ப்பதில்லை. மத்திய அரசும் அது அதிகாரம் அளித்த அமைப்பும் தவிர வேறு யாரும் அதை வெளிநாட்டுக்கு அனுப்பக் கூடாது. அனுப்பினால் குறைந்தது ஆறு மாதம், அதிகபட்சம் மூன்று ஆண்டு சிறை, அபராதமும் உண்டு. மகள் ஊருக்கு வந்துவிட்டுத் திரும்பும்போது பெட்டியில் போட்டுக்கொண்டு போனாலும் அதேதான். அப்படியானால் கணக்கைப் பாருங்கள்: படம் அசல் என்றால் லண்டனுக்குப் போகாது. சட்டப்படி லண்டனுக்குப் போகலாம் என்றால் அது தொல்பொருள் இல்லை என்று இந்தியத் தொல்லியல் துறை சான்று தர வேண்டும், அதாவது அது 1878இன் படமே இல்லை. இரண்டில் எது நடந்தாலும் உங்கள் 4 லட்சம் போச்சு.

இன்னொன்று. தொல்பொருள் விற்பதைத் தொழிலாகச் செய்பவருக்கு அந்தச் சட்டப்படி உரிமம் வேண்டும். பழைய ஓவியம் வைத்திருப்பவர் பதிவு செய்ய வேண்டும், கைமாறினால் பதிவு அதிகாரிக்குத் தெரிவிக்க வேண்டும். உரிமத்தையும் பதிவுச் சான்றையும் காட்டுங்கள் என்று அவரிடம் கேளுங்கள், பெரும்பாலும் அதோடு அவர் போன் எடுக்கமாட்டார். இந்த ஏற்பாட்டின் மேல் எனக்குக் கோபம் இல்லாமல் இல்லை. சட்டம் வந்து 50 ஆண்டு தாண்டிவிட்டது. வீட்டில் தாத்தா வைத்துவிட்டுப் போன படத்தை நேர்மையாகப் பதிவு செய்ய நினைக்கும் சாதாரண மனிதருக்கு எங்கே போவது, யாரைப் பார்ப்பது என்றே தெரியவில்லை. அப்படியே போனாலும் அலைச்சல். ஒரு படத்தைப் பதிவு செய்திருக்கிறார்களா என்று நீங்களும் நானும் வீட்டிலிருந்தே தேடிப் பார்க்கிற மாதிரி ஒரு பட்டியலைப் பொதுவில் வைத்தால் இந்தத் தரகர்களில் பாதிப் பேருக்குத் தொழில் இருக்காது. அதைச் செய்யாமல், ஏமாந்தவன் வந்து புகார் கொடுத்தால் “நீங்கள் ஏன் விசாரிக்காமல் வாங்கினீர்கள்” என்று கேட்பது எந்த நியாயம்?

உங்களுக்கு அந்தப் படம் பிடித்திருக்கிறது என்பது கேள்வியிலேயே தெரிகிறது. பிடித்திருந்தால், உரிமையாளர் யார் என்று தெளிவான பிறகு, பெயர் தெரியாத ஒருவர் வரைந்த தாமரைக் குளத்துக்கு உங்கள் வீட்டுச் சுவரில் என்ன விலை தருவீர்களோ அதைச் சொல்லுங்கள். நார்த் என்ற பெயருக்கு ஒரு ரூபாய்கூட வேண்டாம். பணத்தை வங்கி வழியாகக் கொடுங்கள், ரசீதில் படத்தின் அளவு, எதில் வரைந்தது, விற்பவரின் முழு முகவரி மூன்றும் இருக்கட்டும், “அசல்” என்று வாயால் சொன்னதை ரசீதிலும் எழுதச் சொல்லுங்கள். எழுதமாட்டேன் என்றால் படத்தை அவரிடமே விட்டுவிடுங்கள்.

மரியான் நார்த்தின் படங்களைத்தான் பார்க்க வேண்டும் என்றால் மகளைப் பார்க்க லண்டன் போகும்போது கியூவுக்கு ஒரு நாள் ஒதுக்குங்கள். கூடத்தில் நுழைந்ததும் படங்களை மட்டும் பார்க்காமல் சுவரின் கீழ்ப் பகுதியையும் பாருங்கள், 246 வகை மரத்துண்டுகள் பதித்திருக்கிறார். அங்கே விற்கிற நல்ல அச்சுப் படம் ஒன்றை வாங்கி வந்து மாட்டிக்கொள்ளுங்கள், அதை விமானத்தில் கொண்டுவர யாரிடமும் அனுமதி கேட்க வேண்டியதில்லை.