கிரனடா மாலை நடை: ஜூனில் 6 மணிக்குத் தொடங்கினால் அஸ்தமனம் கிடைக்குமா?

மாலை 6 மணி நடையில் அஸ்தமனம் பார்க்கலாம் என்று ஒரு சுற்றுலா விவரத்தில் படித்துவிட்டு, ஜூனில் அம்மாவுடன் போகும்போது அது கிடைக்குமா என்று கேட்டிருக்கிறீர்கள். கிடைக்காது. ஜூன் கடைசியில் தெற்கு ஸ்பெயினின் கிரனடா நகரில் சூரியன் மறைய இரவு 9.30 மணி தாண்டிவிடும் என்பதால், 6 மணிக்குப் புறப்பட்டு 8 மணிக்கு ஃபிளமென்கோ நடனம் பார்க்க உட்காரும் நடையில், சான் நிக்கோலாஸ் காட்சி முற்றத்திலிருந்து அல்ஹம்ப்ரா அரண்மனைக் கோட்டையை வெயிலில்தான் பார்ப்பீர்கள்.

நீங்கள் படித்த விவரம் பெரும்பாலும் குளிர்காலத்துக்காக எழுதப்பட்டிருக்கும். டிசம்பரில் அங்கே 6 மணிக்கே சூரியன் மறைந்துவிடும். ஸ்பெயின் 1940 முதல் மத்திய ஐரோப்பிய நேரத்தைப் பின்பற்றுவதும், கோடையில் கடிகாரத்தை மேலும் ஒரு மணி நேரம் முன்தள்ளுவதும்தான் ஜூனில் சூரியன் இவ்வளவு தாமதமாக மறையக் காரணம்.

பணம் கட்டுமுன் உங்கள் பயணத் தேதியைத் தேர்ந்தெடுத்து, அப்போது காட்டும் தொடக்க நேரத்தைப் பாருங்கள். 8 மணிக்குப் பிறகு தொடங்கும் நடை இருந்தால் அதையே எடுங்கள். கட்டணத்தில் நிகழ்ச்சி நுழைவும் அடங்குமா என்பதையும் கேட்டுவிடுங்கள்.

அம்மாவுக்கு முழங்கால் வலி என்கிறீர்கள். சான் நிக்கோலாஸ் இருக்கும் பழைய அல்பைசின் பகுதியின் சந்துகள் கூழாங்கல் பதித்த செங்குத்தான ஏற்றங்கள்; அவரை பிளாசா நுவேவா சதுக்கத்திலிருந்து சி34 சிற்றுந்தில் நேரே, ஃபிளமென்கோ நடக்கும் குகைகள் உள்ள சாக்ரோமோன்டேவுக்கு அழைத்துச் செல்வது நல்லது. வெள்ளையடித்த அந்தக் குகைகளில் சுவரோரமாகத்தான் நாற்காலிகள். ஆடுபவரின் காலடி கைக்கெட்டும் தூரத்தில் விழும், சத்தமும் அதற்கேற்ப இருக்கும்.